சண்டை வருமுன் எழுதுங்கள் வம்சாவளியை

எங்கள் அப்பத்தாவுக்குத் தேதிக் கணக்கு கிடையாது. "தனுஷ்கோடிப் புயல் அடிச்சப்ப உங்க பெரியத்தை கைக்குழந்தை" என்பார். அதை வைத்துத்தான் அத்தை பிறந்த வருடம் 1964 என்று கண்டுபிடித்தோம். எங்கள் கொள்ளுத்தாத்தாவுக்கும் தாத்தாவின் அண்ணனுக்கும் என் அண்ணனுக்கும் ஒரே பெயர். பத்திரத்தில் இருப்பது எந்தத் தலைமுறை என்று பிரித்துச் சொல்ல அப்பத்தா ஒருவரால்தான் முடிந்தது.

அவர் போன பிறகு பட்டா மாற்றப் போனோம். தாத்தா இறந்தபோது வாங்கிய வாரிசுச் சான்றிதழில் அப்பத்தாவும் இரண்டு மகன்களும் இருந்தார்கள். மூன்று மகள்களின் பெயர் இல்லை. யாரும் வஞ்சகமாக மறைக்கவில்லை. "கட்டிக்கொடுத்த பிள்ளைகதானே" என்று விசாரணையில் சொல்லாமல் விட்டிருக்கிறார்கள். அந்த ஒரு வார்த்தையைச் சரிசெய்ய இரண்டு வருடம் அலைந்தோம். உங்களுக்கு அந்த அலைச்சல் வேண்டாம் என்பதற்காகவே இதை எழுதுகிறேன்.

உரிமை யாருக்கு?

இந்து வாரிசுரிமைச் சட்டம் 1956-இன்படி, உயில் எழுதாமல் இறந்த ஆணின் சொந்தச் சொத்தில் மனைவி, மகன், மகள், தாய் எல்லோருக்கும் சம பங்கு. மகனோ மகளோ முன்பே இறந்திருந்தால் அவர்களுடைய பிள்ளைகளும் வாரிசுகள். பலர் மறப்பது தாயை.

பூர்வீகச் சொத்தில் மகளுக்கும் பங்கு என்று தமிழ்நாடு 1989-லேயே சட்டம் திருத்தியது. ஆனால் 25.3.1989-க்கு முன் மணமான பெண்களுக்கு அது பொருந்தவில்லை. 9.9.2005-இல் நடைமுறைக்கு வந்த மத்திய அரசின் திருத்தம், மணமானவர், ஆகாதவர் என்ற பேதமே இல்லாமல் மகளுக்கும் பிறப்பால் உரிமை தந்தது. அந்த நாளில் தந்தை உயிரோடு இருந்திருக்க வேண்டியதில்லை என்று 11.8.2020-இல் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. 20.12.2004-க்கு முன் முறையாக முடிந்த விற்பனையையும் பாகப்பிரிவினையையும் இது கலைக்காது. கிறிஸ்தவர்களுக்கும் முஸ்லிம்களுக்கும் வாரிசுரிமைச் சட்டம் வேறு. அங்கும் மகளுக்குப் பங்கு உண்டு.

எதை வைத்து எழுதுவது?

முதலில் பெரியவர்களிடம் உட்காருங்கள். வருடம் கேட்காதீர்கள், புயல், பஞ்சம், திருவிழா, யார் கல்யாணம் என்று கேளுங்கள். பிறகு வீட்டுப் பெட்டியைத் திறங்கள். தாய்ப்பத்திரத்தில் "இன்னார் குமாரர்", "இன்னார் மனைவி" என்று உறவு எழுதியிருக்கும். காதுகுத்துப் பத்திரிகையில் தாய்மாமன்கள் பெயர் வரிசையாக இருக்கும். குலதெய்வக் கோயில் தலைக்கட்டு வரி நோட்டில் பங்காளிகள் இருப்பார்கள்; ஆண்கள் மட்டும். பெண்களைத் தேட மொய் நோட்டைப் புரட்டுங்கள். எந்த ஊரில் கொடுத்த அத்தை, எந்த வருடம் என்ன செய்தார் என்பது அதில் கிடைக்கும். வில்லங்கச் சான்று, பள்ளிச் சேர்க்கைப் பதிவு, இறப்புச் சான்றிதழ் ஆகியவற்றோடு ஒப்பிட்டுச் சரிபாருங்கள்.

ஒவ்வொருவருக்கும் பெயர், அழைக்கும் பெயர், தாய் தந்தை, பிறந்த ஊர், மணமுடித்த ஊர், பிறப்பு இறப்பு வருடங்களைக் குறியுங்கள். யார் சொன்னது, என்றைக்குச் சொன்னது என்பதையும் எழுதி, சொன்னவரிடம் கையெழுத்தோ கைரேகையோ வாங்குங்கள்.

இதற்குச் சட்டத்தில் ஒரு மதிப்பு இருக்கிறது. 1.7.2024 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாட்சியச் சட்டத்தின் 26-ஆவது பிரிவு, இறந்துபோன ஒருவர் குடும்ப உறவு பற்றிச் சொன்னதையும், குடும்ப வம்சாவளியிலோ கல்லறையிலோ எழுதப்பட்டதையும் சாட்சியமாக ஏற்க இடம் தருகிறது. பழைய சட்டத்திலும் அப்படித்தான். ஆனால் நிபந்தனை ஒன்று உண்டு: தகராறு எழுவதற்கு முன்பே அது சொல்லப்பட்டிருக்க வேண்டும், எழுதப்பட்டிருக்க வேண்டும். சண்டை வந்த பிறகு எழுதும் வம்சாவளிக்கு அந்த மதிப்பு கிடையாது.

மரபணுச் சோதனையில் கவனம்

எச்சில் அனுப்பினால் மூதாதையரைச் சொல்லும் நிறுவனங்கள் இருக்கின்றன. அமெரிக்காவின் '23அண்ட்மீ'யில் 2023-இல் சுமார் 69 லட்சம் பேரின் விவரங்கள் கசிந்தன. 2025 மார்ச்சில் அந்த நிறுவனம் திவால் மனு போட்டது. கடவுச்சொல் திருடுபோனால் மாற்றலாம். மரபணுவை மாற்ற முடியாது. நீங்கள் கொடுப்பது உங்கள் உடன்பிறந்தாரின், பிள்ளைகளின் விவரமும்கூட. கணக்கு தொடங்கியிருந்தால் விவரங்களையும் மாதிரியையும் அழிக்கச் சொல்லிக் கேளுங்கள். உயிரோடிருப்பவர்களின் பிறந்த தேதியையும் தாயின் பெயரையும் இணையத்தில் எல்லோரும் பார்க்கும்படி போடாதீர்கள். வங்கியில் அடையாளம் சரிபார்க்கக் கேட்பதும் அவற்றைத்தான்.

பெயர் விட்டுப்போனால்

வாரிசுச் சான்றிதழ் தாசில்தார் தருவது. இ-சேவை மையத்தில் விண்ணப்பிக்கலாம். அதில் பெயர் இல்லாததால் உங்கள் உரிமை போய்விடாது. பங்கைத் தீர்மானிப்பது அந்தத் தாள் அல்ல, சட்டம். விட்டுப்போனவர் ஆதாரங்களோடு தாசில்தாரிடம் ஆட்சேபம் தரலாம்; கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு செய்யலாம். உறவே மறுக்கப்பட்டால் உரிமையியல் நீதிமன்றத்தில் பாகப்பிரிவினை வழக்குப் போட வேண்டும். போலி ஆவணம் என்றால் காவல்துறையில் புகார் கொடுங்கள். பதியாமல்போன பழைய இறப்பைக் கோட்டாட்சியர் உத்தரவு பெற்றுப் பதியலாம்.

வக்கீலுக்குப் பணமில்லையே என்று தயங்க வேண்டாம். சட்டப்பணிகள் ஆணைக்குழுச் சட்டம் 1987-இன்படி, பெண்களுக்கும் பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கும் வருமானம் பாராமல் இலவசச் சட்ட உதவி உண்டு. உதவி எண் 15100. உங்கள் பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தில் யாராவது கையெழுத்துக் கேட்டால், என்ன எழுதியிருக்கிறது என்று படிக்கச் சொல்லிக் கேட்ட பிறகே போடுங்கள்.

இப்போது எங்கள் வீட்டில் ஒரு கோடு போட்ட நோட்டு இருக்கிறது. மூன்று அத்தைகளும் அதில் இருக்கிறார்கள், அவர்கள் பிள்ளைகளோடு. அப்பத்தாவின் அம்மா பெயருக்கு மட்டும் ஒரு வரி காலியாக விட்டிருக்கிறோம். அந்தப் பெயரைச் சொல்ல இனி யாரும் இல்லை. உங்கள் வீட்டில் சொல்ல ஆள் இருந்தால், இன்றைக்கே கேட்டு எழுதிவிடுங்கள்.