நிலாப் பயணமும் வீட்டு வீடியோ கேசட்டும்

டாக்குமெண்டரி படங்களில் அந்தக் காலத்தில் எடுத்த நிஜக் காட்சிகள் இடையிடையே வருவதைப் பார்த்திருப்பீர்கள். இவற்றை ஆர்க்கைவ் ஃபுட்டேஜ் என்பார்கள். வழக்கமாக ஒருவர் பேச, அதற்கு ஆதாரமாக இவை வரும். ஆனால் 2019ல் வெளியான 'அப்போலோ 11' படத்தில் புதிதாக எடுத்த பேட்டியே கிடையாது. 1969ல் பதிவான காட்சிகளையும் ஒலியையும் கொண்டே இயக்குநர் டாட் டக்ளஸ் மில்லர் கதை சொல்கிறார்.

இது எப்படி முடிந்தது?

அமெரிக்க தேசிய ஆவணக் காப்பகத்தில் 65 மில்லிமீட்டர் ஃபிலிம் சுருள்கள் பத்திரமாக இருந்தன. அவற்றை ஸ்கேன் செய்து கம்ப்யூட்டரில் ஏற்றினார்கள். கட்டுப்பாட்டு அறைக் காட்சிகள் பலவற்றில் ஒலி இல்லை. அங்கு பேசியவை தனியே 30 டிராக் டேப்களில், சுமார் 11,000 மணி நேரம் பதிவாகியிருந்தன. அவற்றை ஓட்ட 1960களின் மெஷின் ஒன்றுதான் மிச்சம். அதுவும் ஒரு நேரத்தில் ஒரு டிராக்கைத்தான் படிக்கும். டல்லாஸில் உள்ள டெக்சாஸ் பல்கலைக்கழகத்தினர் 30 டிராக்கையும் ஒன்றாகப் படிக்கும்படி அதை மாற்றியமைத்தார்கள். பிறகு பேச்சையும் காட்சியையும் பொருத்தினார்கள்.

அழிந்து போனது எது?

நிலவிலிருந்து வந்த டிவி சிக்னலில் விநாடிக்கு 10 ஃபிரேம்தான். சாதாரண டிவிக்கு இது ஒத்துவராது. எனவே மானிட்டரில் ஓடவிட்டு, அதை இன்னொரு கேமராவால் பிடித்து ஒளிபரப்பினார்கள். மக்கள் பார்த்தது மங்கலான நகலைத்தான். தெளிவான அசல் சிக்னல் டேட்டா டேப்களில் இருந்தது. பின்னர் தேடியபோது அவை கிடைக்கவில்லை. டேப் தட்டுப்பாட்டால் அழித்து மறுபடி பயன்படுத்தியிருக்க வேண்டும் என்று நாசா 2009ல் தெரிவித்தது. மிஞ்சிய ஒளிபரப்பு நகல்களைத்தான் சாஃப்ட்வேர் மூலம் சுத்தம் செய்தார்கள். சாஃப்ட்வேர் புள்ளியையும் கீறலையும் நீக்கும். நகலில் இல்லாத விவரத்தை மீட்டுத் தராது.

நீங்கள் செய்ய வேண்டியது

எங்கள் வீட்டில் அப்பா அம்மா கல்யாண கேசட் இருக்கிறது. ஓட்டிப் பார்க்க விசிஆர் இல்லை. உங்கள் வீட்டிலும் இதே நிலைதானா? கேசட்டில் பூஞ்சை பிடிப்பதற்குள் ஸ்டூடியோவில் கொடுத்து எம்பி4 ஃபைலாக மாற்றி வாங்குங்கள். கம்ப்யூட்டரில் ஒரு காப்பி, வெளி ஹார்ட் டிஸ்க்கில் ஒரு காப்பி வையுங்கள். ஃபைலின் பெயரில் முதலில் வருடம், பிறகு மாதம், தேதி, நிகழ்ச்சி என்று கொடுங்கள். பெயர் வரிசைப்படி அடுக்கினாலே தேதி வரிசையும் வந்துவிடும். வீடியோவில் இருப்பவர்கள் யார் யார் என்று பெரியவர்களிடம் கேட்டு, ஒரு டெக்ஸ்ட் ஃபைலில் எழுதி அதே ஃபோல்டரில் சேமியுங்கள். கேசட்டையும் தூக்கிப் போடாதீர்கள். அதுதான் அசல்.