லைப்ரரி அப்டேட் ஆயிடுச்சு, சர்வர் இன்னும் பழசுலதான் ஓடுது

நேரா விஷயத்துக்கு வந்துடறேன். சர்வர்ல 'ஆப்ட் அப்டேட்', அப்புறம் 'ஆப்ட் அப்கிரேட்' அடிக்கிறோம். எரர் எதுவும் வரலைன்னா டெர்மினலை மூடிட்டு டீ குடிக்கப் போயிடறோம். ஓப்பன்எஸ்எஸ்எல் மாதிரி ஒரு செக்யூரிட்டி லைப்ரரின்னா, வேலை அங்க பாதிதான் முடிஞ்சிருக்கு.

ஏன்னு புரிய 2014 ஏப்ரல் 7-க்குப் போவோம். அன்னிக்குத்தான் ஹார்ட்பிளீட் வெளிய வந்துச்சு. ஓப்பன்எஸ்எஸ்எல் 1.0.1-ல இருந்து 1.0.1எஃப் வரைக்கும் இருந்த ஓட்டை. "நான் உயிரோட இருக்கேன், நீ இருக்கியா?"ன்னு கேக்குற ஹார்ட்பீட் மெசேஜ்ல, அனுப்பினதைவிடப் பெரிய நீளத்தைப் பொய்யா சொன்னா போதும். சர்வர் செக் பண்ணாம, தன் மெமரியில இருந்து ஒரு தடவைக்கு 64 கிலோபைட் வரைக்கும் அள்ளிக் கொடுத்துடும். அதுல பாஸ்வேர்டு இருக்கலாம், சர்வரோட பிரைவேட் கீயே இருக்கலாம். கனடா வருவாய்த் துறையில சுமார் 900 பேரோட சமூகக் காப்பீட்டு எண்கள் இப்படித்தான் திருடு போச்சு.

சரி, ஃபிக்ஸ் வந்துடுச்சு, இன்ஸ்டாலும் பண்ணியாச்சு. என்ன நடக்குது? பேக்கேஜ் மேனேஜர் டிஸ்க்ல இருக்குற ஃபைலை மட்டும்தான் மாத்துது. ஏற்கெனவே ஓடிக்கிட்டிருக்குற என்ஜின்எக்ஸ் பழைய லைப்ரரியை எப்பவோ மெமரியில ஏத்திக்கிச்சு. அந்த ப்ராசஸ் சாகுற வரைக்கும் லினக்ஸ் பழைய ஃபைலை உள்ளுக்குள்ள உயிரோட வெச்சிருக்கும். கிச்சன்ல புது சிலிண்டர் வந்து நிக்குது, ஆனா ரெகுலேட்டர் இன்னும் பழைய சிலிண்டர்லயே மாட்டியிருக்கு. அவ்வளவுதான் மேட்டர்.

அதனால ரீஸ்டார்ட் பண்ணணும். ரீலோட் இல்லை, ரீஸ்டார்ட். என்ஜின்எக்ஸை ரீலோட் பண்ணா புது வொர்க்கர்கள் வரும், உண்மைதான். ஆனா அதுங்களைப் பெத்தது அதே பழைய மாஸ்டர் ப்ராசஸ், அதனால பழைய லைப்ரரியும் கூடவே வரும். இந்த ஒண்ணுலதான் நிறைய பேர் வழுக்குறாங்க. யார் யார் இன்னும் பழசைப் பிடிச்சுக்கிட்டிருக்காங்கன்னு பார்க்க 'நீட்ரீஸ்டார்ட்'னு ஒரு டூல் இருக்கு. உபுண்டு 22.04 சர்வர்ல அப்கிரேட் முடிஞ்சதும் ஊதா கலர்ல ஒரு ஸ்கிரீன் வருமே, அதுதான் இது. தயவுசெஞ்சு எஸ்கேப் அடிக்காம படிங்க.

இன்னொரு குழப்பம், வெர்ஷன் நம்பர். ஹார்ட்பிளீட் சரியானது 1.0.1ஜி-லன்னு எல்லா நியூஸும் சொல்லுச்சு. ஆனா டெபியன் வீஸி வெச்சிருந்தவங்க அப்டேட் பண்ணதுக்கு அப்புறமும் 1.0.1ஈ-ன்னுதான் காட்டுச்சு. டெபியன் காரங்க புது வெர்ஷனுக்குத் தாவ மாட்டாங்க. அந்தத் திருத்தத்தை மட்டும் எடுத்துப் பழைய வெர்ஷன்ல தைச்சுடுவாங்க, வால்ல மட்டும் 'டெப்7யு5'ன்னு ஒரு ஒட்டு மாறும். நம்பரைப் பார்த்துப் பயந்து, சோர்ஸ்ல இருந்து நீங்களா கம்பைல் பண்ணி உள்ள போட்டீங்கன்னா, அடுத்த ஓட்டைக்கு ஆப்ட் உங்களைக் காப்பாத்தாது. அந்தப் பேக்கேஜோட சேஞ்ச்லாக்ல சிவிஇ நம்பர் இருக்கான்னு பாருங்க. ஹார்ட்பிளீடுக்கு அது 2014-0160.

அப்புறம், 'ஓப்பன்எஸ்எஸ்எல்'ங்குற பேக்கேஜ் கமாண்ட் லைன் டூல் மட்டும்தான். நிஜமான லைப்ரரி 'லிப்எஸ்எஸ்எல்'னு ஆரம்பிக்கிற பேக்கேஜ்ல இருக்கு. ரெண்டும் ஏறியிருக்கான்னு பார்த்துக்கோங்க.

கீ கசிஞ்சிருக்கலாம்னா வரிசை முக்கியம். முதல்ல அப்டேட், அடுத்து ரீஸ்டார்ட், அதுக்கப்புறம்தான் புது பிரைவேட் கீ, புது சர்டிஃபிகேட், பழைய சர்டிஃபிகேட்டை ரத்து பண்றது. யூசர்கள் பாஸ்வேர்டு மாத்துறது கடைசியில. இதைத் தலைகீழா செஞ்சா புது கீயும் அதே ஓட்டை வழியா ஒழுகும். பிரைவேட் கீ எல்லாம் வெளிய வருமான்னு அப்போ நிறைய பேருக்கு சந்தேகம். கிளவுட்ஃப்ளேர், ஓட்டையோட ஒரு சர்வரை வேணும்னே வெச்சு, முடிஞ்சா கீயை எடுங்கன்னு சவால் விட்டாங்க. சில மணி நேரத்துலயே எடுத்துட்டாங்க.

டாக்கர் ஆளுங்களுக்கு ஒரு வார்த்தை. ஹோஸ்ட்ல ஆப்ட் அடிச்சா கன்டெய்னருக்குள்ள ஒண்ணுமே மாறாது, ஒவ்வொரு இமேஜுக்குள்ளயும் தனி லிப்எஸ்எஸ்எல் உக்காந்திருக்கு. பேஸ் இமேஜைப் புதுசா இழுத்து, கேஷ் இல்லாம திரும்ப பில்ட் பண்ணி, டிப்ளாய் பண்ணணும். பைத்தான்ல 'கிரிப்டோகிராஃபி' பேக்கேஜை பிப்ல போட்டவங்களுக்கும் இதே கதை. அதோட வீலுக்குள்ளயே ஒரு ஓப்பன்எஸ்எஸ்எல் இருக்கு, அதைப் பிப்ல தனியா அப்கிரேட் பண்ணணும். உங்க ரெக்வயர்மென்ட்ஸ் ஃபைல்ல அதோட வெர்ஷன் எந்த வருஷத்துல உறைஞ்சு போய் நிக்குதுன்னு இன்னிக்கே திறந்து பாருங்க.