நாடாளுமன்றம் தொடாத 'உறவினர்'

புது தில்லி: பாரதிய நியாய சன்ஹிதை மசோதா 2023 டிசம்பர் 20-ம் தேதி மக்களவையிலும் மறுநாள் மாநிலங்களவையிலும் நிறைவேறியபோது, எதிர்க்கட்சி வரிசைகள் பெருமளவு வெறிச்சோடிக் கிடந்தன. அந்தக் கூட்டத் தொடரில் மட்டும் இரு அவைகளிலுமாக 140-க்கும் மேற்பட்ட உறுப்பினர்கள் இடைநீக்கம் செய்யப்பட்டிருந்தனர். நாற்பதாண்டுக் காலச் சர்ச்சைக்குரிய ஒரு சொற்றொடர் அன்று மாற்றமின்றிப் புதிய சட்டத்தில் குடியேறியது: 'கணவர் அல்லது கணவரின் உறவினர்'.

இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 498-ஏ பிரிவு சேர்க்கப்பட்டது 1983-ல். வரதட்சிணைக்காக இளம் மனைவியர் தீக்கிரையாவதைக் கண்டித்து மாதர் அமைப்புகள் தலைநகரின் வீதிக்கு வந்த காலம் அது. புகுந்த வீட்டுக் கொடுமை கணவரோடு நிற்பதில்லை, மாமியார், மாமனார், நாத்தனாரும் அதற்கு உடந்தை என்ற அனுபவமே சட்டத்தில் 'உறவினர்' என்ற சொல்லைக் கொண்டுவந்தது. மூன்றாண்டு வரை சிறை, ஜாமீனில் வெளிவர முடியாத பிரிவு, சமரசத்துக்கும் இடமில்லை. ஆனால், உறவினர் யார் என்பதற்குச் சட்டத்தில் விளக்கம் இல்லை.

அந்த வேலை நீதிமன்றங்களிடம் வந்து சேர்ந்தது. தமிழகத்திலிருந்து சென்ற ஒரு வழக்கில், ரத்தம், திருமணம், தத்து ஆகியவற்றால் அமைவதே உறவு. கணவருடன் தொடர்புள்ள வேறொரு பெண் 'உறவினர்' ஆகமாட்டார் என்று 2009-ல் உச்ச நீதிமன்றம் கூறியது. மறு ஆண்டு வந்தது ஜார்க்கண்ட் வழக்கு. குஜராத்தின் நவ்சாரியில் தம் கணவருடன் வசித்துவந்த நாத்தனாரும், மும்பை கோரேகாவில் இருந்த கணவரின் சகோதரரும் குற்றஞ்சாட்டப்பட்டிருந்தனர். இருவரும் புகார்தாரருடன் சேர்ந்து வாழ்ந்ததே இல்லை என்று சுட்டிக்காட்டி, அவர்கள் மீதான வழக்கை ரத்து செய்த நீதிபதிகள், சட்டத்தை மறுபரிசீலனை செய்யுமாறும் கேட்டுக்கொண்டனர்.

2012-ல் இப்பிரிவின் கீழ் கைதானோர் 1,97,762 பேர். அவர்களில் 47,951 பேர் பெண்கள். வழக்குகளில் 93.6 சதவீதத்தில் குற்றப் பத்திரிகை தாக்கலானது. தண்டனையில் முடிந்தவை 15 சதவீதமே. இந்தப் புள்ளிவிவரங்களை முன்வைத்துத்தான் 2014-ல், காரணத்தைப் பதிவு செய்யாமல் எவரையும் கைது செய்யக் கூடாது என உச்ச நீதிமன்றம் காவல்துறைக்குக் கடிவாளம் போட்டது.

அந்த 15 சதவீதத்தைக் காட்டி, மற்றவை யாவும் பொய்ப் புகார்கள் என்று வாதிடுவோர் உண்டு. அது சரியல்ல. நான்கு சுவர்களுக்குள் நடப்பதற்குச் சாட்சி அந்த வீட்டாரே. வெளியே சமரசம் ஆனாலும் சட்டப்படி அதைப் பதிவு செய்ய வழியில்லாததால், புகார்தாரரே நீதிமன்றத்தில் பிறழ்சாட்சி ஆகிறார். அதுவும் விடுதலைக் கணக்கில்தான் சேரும். 2022-ல் மட்டும் பதிவான வரதட்சிணை மரண வழக்குகள் 6,450 என்பதையும் மறந்துவிட முடியாது.

உண்மையான சிக்கல் வேறு. முதல் தகவல் அறிக்கையில் குடும்பத்தார் அனைவரின் பெயரையும் ஒரே வாக்கியத்தில் எழுதிவிடும் வழக்கத்தால், எங்கோ வசிக்கும் நாத்தனார் நீதிமன்றத்துக்கு அலைகிறார். அதே மேலெழுந்தவாரியான வாக்கியத்தால், உண்மையில் அடித்துத் துன்புறுத்திய மாமியாரும் தப்பிவிடுகிறார். யார், என்று, என்ன செய்தார் என்ற விவரம் இல்லாமல் உறவினரை வழக்கில் இழுக்கக் கூடாது என்று 2022-லும், 2024 டிசம்பரிலும் உச்ச நீதிமன்றம் வலியுறுத்தியது. கொடுமைக்குள்ளான பெண் வாய்மூடி இருக்க வேண்டும் என்று தாங்கள் கூறவில்லை என்பதையும் 2024 தீர்ப்பில் நீதிபதிகள் சேர்த்தே எழுதினர்.

நாடாளுமன்றத்துக்கு ஆலோசனை கிடைக்காமல் இல்லை. 2003-ல் மளிமத் குழு ஜாமீனுக்கும் சமரசத்துக்கும் வழிவிடச் சொன்னது. 2012-ல் சட்ட ஆணையம் தனது 243-வது அறிக்கையில், ஜாமீன் விதி நீடிக்கட்டும், நீதிமன்ற அனுமதியுடன் சமரசம் மட்டும் இருக்கட்டும் என்று நடுவழி காட்டியது. இரண்டும் ஏற்கப்படவில்லை. 498-ஏ இன்று 85, 86 என இரு பிரிவுகளாகியுள்ளது, அவ்வளவே. பழைய பிரிவின் மறுபதிப்பாக உள்ளதே, அமலுக்கு வருமுன் யோசியுங்கள் என்று 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பின் நகலைச் சட்ட, உள்துறை அமைச்சகங்களுக்கு அனுப்பியது. ஜூலை 1-ம் தேதி சட்டம் அப்படியே அமலுக்கு வந்தது.

நீதிமன்றமும் தடுமாறுகிறது. புகார்களை விசாரிக்கக் குடும்பநலக் குழுக்கள் அமைக்க 2017-ல் உத்தரவிட்டது. சட்டத்தில் இல்லாததை நீதிமன்றம் உருவாக்க முடியாது என்று 2018-ல் தானே அதை விலக்கியது. 2025 ஜூலையில், இரண்டு மாதக் காத்திருப்பையும் அதே குழுக்களையும் விதிக்கும் அலாகாபாத் உயர் நீதிமன்றத்தின் வழிகாட்டுதல்களை ஏற்றுக்கொண்டது.