கடனில் பிறந்த காவியம்

எங்கள் நீலசந்திரா கிளைக்குச் சிறுதொழில் கடன் கேட்டு வருவோரைக் காணும்போதெல்லாம், எம்.எஸ்.சத்யு இயக்கிய ‘கர்ம் ஹவா’ என்ற இந்தித் திரைப்படம் என் நினைவுக்கு வரும். அதன் நாயகர் சலீம் மிர்சா, ஆக்ராவில் காலணித் தொழில் நடத்துபவர். நாட்டுப் பிரிவினைக்குப் பின்னும் இந்தியாவிலேயே வாழ விரும்புபவர். ஆயினும், வேறு சிலர் கடனை அடைக்காமல் பாகிஸ்தானுக்குச் சென்றுவிட்டதால், வங்கியாளரும் வட்டிக்குக் கொடுப்போரும் அவரையும் நம்ப மறுக்கின்றனர்.

இப்படமே கடனில் உருவானது என்பதுதான் வியப்பு.

1930-இல் மைசூரில் பிறந்த சத்யு, அறிவியல் பட்டப்படிப்பைப் பாதியில் விடுத்துக் கலைத்துறைக்கு வந்தார். அனிமேஷன் கலைஞர், உதவி இயக்குநர், நாடக இயக்குநர், மேடை வடிவமைப்பாளர் எனப் பல பணிகளில் தேர்ந்தார். ‘ஹகீகத்’ (1964) படத்தின் கலை இயக்கத்திற்காக ஃபிலிம்ஃபேர் விருதும் பெற்றார்.

‘கர்ம் ஹவா’வுக்கு அரசின் திரைப்பட நிதிக் கழகம் அளித்த தொகை 2.5 லட்சம் ரூபாய். எஞ்சிய சுமார் 7.5 லட்சம் ரூபாயை நண்பர்களிடம் கடனாகப் பெற்றார். இஸ்மத் சுக்தாயின் கதைக்குக் கவிஞர் கைஃபி ஆஸ்மியும், சத்யுவின் மனைவி ஷமா ஜைதியும் திரைக்கதை அமைத்தனர். கேமரா இரவலாகக் கிடைத்தது. ஒலிப்பதிவுக் கருவிக்குப் பணமில்லாததால், உரையாடல்கள் பின்னர் பம்பாயில் பதிவு செய்யப்பட்டன. ஆக்ராவில் எதிர்ப்பு எழுந்தபோது, படச்சுருள் இல்லாத கேமராவுடன் ஒரு போலிக் குழுவை வேறிடத்திற்கு அனுப்பி, கூட்டத்தின் கவனத்தைத் திருப்பினார்.

தணிக்கையில் பல மாதங்கள் முடங்கிய படம், 1974-இல் முதன்முதலாக நம் பெங்களூருவின் இரு திரையரங்குகளில் வெளியானது. இங்கு கிடைத்த வரவேற்பே நாடெங்கும் வழி திறந்தது. அவ்வாண்டு கான் விழாவின் போட்டிப் பிரிவில் இடம்பெற்றதுடன், தேசிய ஒருமைப்பாட்டுக்கான தேசிய விருதையும் வென்றது. 1975-இல் சத்யுவுக்குப் பத்மஸ்ரீ வழங்கப்பட்டது.

அதன்பின் அவர் கன்னடத்திற்குத் திரும்பினார். ‘கன்னேஸ்வர ராமா’ (1977), வறட்சியின் அரசியலைப் பேசும் ‘பர’ ஆகியவை குறிப்பிடத்தக்கவை. நாடகத்தையும் அவர் கைவிடவில்லை. 2014-இல் ‘கர்ம் ஹவா’ புதுப்பிக்கப்பட்டு மீண்டும் திரைக்கு வந்தது.

கடன் தருபவர் பார்க்க வேண்டியது எதை? கணக்கேடுகளையும் பிணையையும் பார்த்தே ஆகவேண்டும். அவற்றோடு, கேட்பவரின் கைத்திறனையும் இதுவரை அவர் முடித்துக்காட்டிய பணிகளையும் பார்ப்பது எம் கடமை. ஆகவே வாடிக்கையாளர்களே, விண்ணப்பத்துடன் உங்கள் தொழில் அனுபவத்திற்கும் நிறைவேற்றிய பணிகளுக்கும் உரிய சான்றுகளைத் தவறாது இணையுங்கள். சலீம் மிர்சாவைப் பிறர் செயலைக் கொண்டு எடைபோட்டனர். உங்களை உங்கள் செயலைக் கொண்டே எடைபோட அச்சான்றுகள் எங்களுக்குத் துணைபுரியும்.