இடிக்கு அஞ்சும் காவலன்

மேற்கே பழனி மலைத்தொடரும் தென்கிழக்கே சிறுமலையும் நிற்க, இடையே பரந்து கிடப்பது திண்டுக்கல் சமவெளி. சித்திரை, வைகாசித் திங்கள்களில் பகலெல்லாம் வெயில் காய்ந்து, மாலையில் இடியுடன் மழை பொழிவது இங்கு உண்டு. ஐப்பசி, கார்த்திகையில் வடகிழக்குப் பருவமழை பெய்யும். அயலார் வரின் அஞ்சாது எதிர்த்து நின்று தோட்டத்தைக் காக்கும் நாயும், இடியோசை கேட்டவுடன் வாலை ஒடுக்கி, உடல் நடுங்கி, இருண்ட மூலையைத் தேடி ஓடுவதுண்டு. அதனைக் கண்டு சிலர் நகைப்பர். சிலர் அடித்து வெளியே துரத்துவர். இரண்டும் தகாதன.

இவ்வச்சத்தைக் கோழைத்தனம் என்று இகழ்தல் கூடாது. நாயின் செவி மிகவும் கூரியது. மனிதர் நொடிக்கு ஏறத்தாழ 20,000 அதிர்வுகள் வரையுள்ள ஒலியையே கேட்பர். நாயோ 40,000-க்கும் மேற்பட்ட அதிர்வுள்ள ஒலியையும் கேட்கும். மனிதருக்கு எட்டாத மெல்லிய ஓசையும் அதற்கு எட்டும். நள்ளிரவில் கள்வனின் காலடியை உணர்த்தும் அச்செவியே இடிமுழக்கத்தால் துன்புறுகின்றது. மேலும், ஒலி 1 கிலோமீட்டர் தொலைவைக் கடக்க ஏறத்தாழ 3 நொடி ஆகும். ஆதலின் மின்னலுக்குப் பின் இடி வரும் என்பதை மாணவர் அறிவர். நாய் அதனை அறியாது. கள்வனை மோப்பத்தால் அறியலாம். பாம்பைக் கண்டு விலகலாம். கண்ணுக்குப் புலப்படாத பேரொலியை அது எவ்வாறு எதிர்க்கும்?

அச்சம் மிகுந்த நாய் சங்கிலியை இழுத்துக் கழுத்தைப் புண்ணாக்கிக்கொள்ளும். கட்டு அறுந்தால் திசை தெரியாது ஓடி, நெடுஞ்சாலையில் ஊர்திகளில் அடிபடவும் கூடும். மரத்தடியில் கட்டிய நாய்க்கு மின்னலாலும் இடர் நேரும்.

ஆகவே, வானம் கறுக்கும்போதே நாயை வீட்டினுள் சேர்த்தல் வேண்டும். சன்னல்களைச் சாத்தி மின்னொளியை மறைக்கலாம். வானொலியை மெல்ல ஒலிக்கச் செய்யலாம். கட்டிலடியில் அது பதுங்கினால் வெளியே இழுத்தல் ஆகாது. நடுங்கும் நாய் தன்னை மறந்து கடிக்கவும் கூடும். அதுவே அருகில் வந்தால் அன்போடு தடவிக் கொடுக்கலாம். அவ்வாறு செய்தால் அச்சம் வளரும் என்று சிலர் கருதுவர். அச்சம் பரிசு பெறுவதற்காகச் செய்யும் செயலன்று. ஆறுதலால் அது வளராது. அடித்தாலோ, இடியின் அச்சத்தோடு தலைவனின் அச்சமும் சேர்ந்துகொள்ளும்.

மழையில்லா நாள்களில் பயிற்சியும் அளிக்கலாம். பதிவு செய்த இடியோசையை மிகத் தாழ்ந்த ஒலியில் கேட்கச் செய்து, உடன் விருப்பமான உணவை ஊட்டுதல் வேண்டும். நாய் அமைதியாக இருந்தால் மட்டுமே, நாள்தோறும் சிறிது சிறிதாக ஒலியைக் கூட்டலாம். நடுக்கம் கண்டால் உடனே குறைத்தல் வேண்டும். இதனாலும் அச்சம் தணியாதாயின் கால்நடை மருத்துவரை நாடுதலே முறை. மனிதருக்குரிய மருந்தைத் தாமாகக் கொடுத்தல் தீங்காகும்.

ஆண்டு முழுதும் இரவில் கண்விழித்து வீட்டைக் காப்பது நாய். இடி முழங்கும் சில நாழிகையேனும் அதனைக் காப்பது வீட்டாரின் கடமையன்றோ?