மலைகளின் முகவரி – 7: கடல் பிரித்த மலை

சென்ற வாரம் பார்த்த ஆண்டீஸ், தென் அமெரிக்காவின் மேற்கு விளிம்பை விட்டு விலகாத மலை. இந்த வார மலைத்தொடரை அப்படி ஒரு கண்டத்துக்குள் அடைக்க முடியாது.

பள்ளிக்கூட வரைபடத்தில் அப்பலாச்சியன் மலைகள் அமெரிக்காவின் அலபாமாவில் தொடங்கி, வடகிழக்கே நீண்டு, கனடாவின் நியூஃபவுண்ட்லாந்து தீவில் முடிகின்றன. மிக உயர்ந்த சிகரமான மிட்செல் வெறும் 2,037 மீட்டர்தான். ஆனால் நியூஃபவுண்ட்லாந்தில் முடிவது கரைதான், மலை அல்ல. அட்லாண்டிக்கின் மறுகரையில் அயர்லாந்து, ஸ்காட்லாந்தின் ஹைலேண்ட்ஸ், நார்வே என்று அதே மலை தொடர்கிறது. மொராக்கோவின் ஆன்டி-அட்லஸும் இதற்கு உறவு.

அட்லாண்டிக் பிறப்பதற்கு வெகுகாலம் முன்பு, இங்கே ஐயாபெட்டஸ் என்ற வேறொரு பெருங்கடல் இருந்தது. இருபுறத்து நிலங்களும் நெருங்கி வர, 40 கோடி ஆண்டுகளுக்கு முன்பே அது மூடிப்போனது. பின்னர், சுமார் 30 கோடி ஆண்டுகளுக்கு முன், ஆப்பிரிக்காவும் வந்து மோதியது. பாஞ்சியா என்ற ஒற்றைப் பெருங்கண்டத்தின் நடுவே எழுந்து நின்ற இந்த மலைகள் ஒருகாலத்தில் இமயத்துக்கு ஈடாக உயர்ந்திருக்கும் என்று நிலவியலாளர் பலர் கருதுகிறார்கள். பிறகு பாஞ்சியாவே உடைந்தது. சுமார் 20 கோடி ஆண்டுகளுக்கு முன் தொடங்கிய பிளவு மெல்ல வடக்கே நீண்டு அட்லாண்டிக் ஆனது. இரு கரைகளிலும் மலை பொருந்தி வருவதை, கண்டங்கள் நகர்கின்றன என்பதற்குச் சான்றாக ஆல்ஃபிரட் வேகனர் 1915இல் எடுத்துவைத்தார். அறிவியல் உலகம் அவரை ஏற்க 1960கள் வரை ஆயிற்று. அதைப் பார்க்க அவர் உயிரோடு இல்லை.

மறைந்த ஐயாபெட்டஸ் கடலின் அடியில் கிடந்த பாறையை இன்றும் மிதித்து நடக்கலாம் என்பதுதான் எனக்குப் பெரும் வியப்பு. நியூஃபவுண்ட்லாந்தின் குரோஸ் மோர்ன் தேசியப் பூங்காவில் டேபிள்லேண்ட்ஸ் என்ற மொட்டைமலை உண்டு. சுற்றிலும் பச்சை, இது மட்டும் துருப்பிடித்த இரும்பின் நிறம். கடல் மூடியபோது, அதன் தரைக்கும் கீழே கிடந்த புவியின் மூடகப் பாறை பெயர்ந்து கண்டத்தின் மேல் ஏறி உட்கார்ந்துவிட்டது. அதில் செடிக்கு வேண்டிய சத்து குறைவு, நஞ்சாகும் உலோகங்கள் அதிகம். அதனால் பசுமை ஒட்டுவதே அரிது. 1987இல் யுனெஸ்கோ இந்தப் பூங்காவை உலகப் பாரம்பரிய இடமாக அறிவித்தது.

மனிதர்களின் கதையும் இதோடு பின்னியிருக்கிறது. 18ஆம் நூற்றாண்டில் அயர்லாந்தின் அல்ஸ்டர் பகுதியிலிருந்து ஸ்காட்லாந்து வழிவந்த குடும்பங்கள் பெருந்திரளாகக் கப்பலேறி, அப்பலாச்சியன் பள்ளத்தாக்குகளில் குடியேறின. விட்டு வந்த மலையின் மறுபாதிக்கே வந்து சேர்ந்திருக்கிறோம் என்பது அவர்களுக்குத் தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை. செசில் ஷார்ப் என்ற இங்கிலாந்து நாட்டார் பாடல் தொகுப்பாளர் 1916 முதல் 1918 வரை அங்கே அலைந்தபோது, பிரிட்டனின் பழங்கதைப் பாடல்களை மலைவாசிகள் இன்னும் பாடிக்கொண்டிருந்தார்கள்.

ஜார்ஜியாவிலிருந்து மெய்ன் மாநிலம் வரை, சுமார் 3,500 கி.மீ. நீளும் அப்பலாச்சியன் நடைவழி 1937இல் முழுமையானது. அதை எல்லை தாண்டிக் கனடாவுக்குக் கொண்டுபோகும் யோசனை 1994இல் பிறந்தது. இன்று அந்தப் பன்னாட்டு நடைவழி கடலையும் கடந்து, ஸ்காட்லாந்தில் பென் நெவிஸ் அடிவாரம் வரை செல்லும் வெஸ்ட் ஹைலேண்ட் பாதையையும் தன்னோடு சேர்த்துக்கொண்டிருக்கிறது.

(தொடரும்)