இரைச்சல் நீக்கும் ஹெட்போன்

இரைச்சல் நீக்கும் ஹெட்போன் என்பது, சுற்றுப்புற இரைச்சலை அதற்கு நேரெதிரான ஒலியலையால் குறைக்கும் கருவியாகும். காதை முழுதும் மூடும் கம்பியில்லா ஹெட்போன்களுள் விலை உயர்ந்தவற்றின் முதன்மையான வசதி இதுவே எனலாம்.

செயற்படும் முறை

காதுமூடியின் உள்ளும் வெளியும் அமைந்த நுண்ணிய ஒலிவாங்கிகள் இரைச்சலை உணர்கின்றன. அவ்வலையின் முகட்டுக்கு எதிரே அகடு அமையுமாறு ஒரு மின்னணுச் சில்லு மற்றோர் அலையை உருவாக்குகிறது. இரண்டும் கூடும்போது ஒன்றையொன்று அழிக்கின்றன.

விமான எஞ்சினின் உறுமல் போன்ற, தாழ்ந்த அதிர்வெண்ணுடைய தொடர் ஒலிகளுக்கே இம்முறை நன்கு பயன்படும். 100 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் ஏறத்தாழ 3.4 மீட்டர், 5,000 ஹெர்ட்ஸ் ஒலிக்கோ 7 சென்டிமீட்டர் மட்டுமே. அலை குறுகக் குறுக, மிகச் சிறிய காலப் பிழையும் பொருத்தத்தைக் குலைத்துவிடும். ஆகவே குழந்தையின் அழுகை போன்ற உயர்ந்த ஒலிகளைத் தடுப்பதில் மெத்தென்ற காதுமூடியின் பங்கே பெரிது. மூக்குக்கண்ணாடியின் கால் அம்மூடியைச் சற்று உயர்த்தினாலும் பலன் குறையும்.

வரலாறு

ஒலியை ஒலியால் அழிக்கும் முறைக்கு ஜெர்மனியரான பால் லூக் 1936இல் அமெரிக்கக் காப்புரிமை பெற்றார். 1978இல் சூரிச்சிலிருந்து பாஸ்டனுக்குப் பறந்த அமர் போஸ், எஞ்சின் இரைச்சலில் இசை அமிழ்ந்துபோனதைக் கண்டு, விமானத்திலேயே கணக்கிடத் தொடங்கினார். அவரது நிறுவனம் விமானிகளுக்கான கருவியை 1989இலும், பொதுமக்களுக்கானதை 2000இலும் வெளியிட்டது.

பாதுகாப்பு

இரைச்சல் குறைவதால் இசையை உரக்க வைக்கத் தேவையில்லை. காதுக்கு இது பெரும் நன்மை. எனினும் இதனைத் தொழிற்கூடச் செவிக்காப்புக்கு மாற்றாகக் கொள்ளலாகாது. சம்மட்டியடி போன்ற திடீர் ஒலிகளை இது அழிப்பதில்லை. சாலையில் நடப்போர், வெளியொலியை உள்ளே விடும் வசதியிருப்பினும், இதனைக் கழற்றிவிடுவதே நலம்.